கொசு மருந்துக்குப் பழகுவதில்லை: தமிழ் மேடை அமைப்போருக்கு ஒரு திறந்த மடல்

சிங்கப்பூரில் தமிழில் பட்டிமன்றமும் சொற்போரும் அறிவியல் உரையும் நடத்தும் அமைப்பினருக்கும், மாணவப் பேச்சாளர்களுக்குக் குறிப்பு எழுதித் தரும் ஆசிரியர்களுக்கும் வணக்கம்.

தமிழ்மொழி விழாவுக்குத் தலைப்புகளை முடிவு செய்வதற்குமுன் இந்த மடலை வாசித்துவிடுங்கள். "மனிதன் பிறப்பிலேயே சுயநலவாதியா?", "வலியது வாழும் உலகில் அறம் எடுபடுமா?" போன்ற தலைப்புகள் வரும்போதெல்லாம் டார்வின் பெயர் மேடைக்கு இழுத்துவரப்படுகிறது. நம் பிள்ளைகள் அறிவியலை ஆங்கிலத்தில் படிக்கிறார்கள். பரிணாமத்தைப் பற்றித் தமிழில் அவர்கள் முதன்முதலாகக் கேட்பது பெரும்பாலும் உங்கள் மேடையில்தான். அங்கே தவறாகக் கேட்டதைத் திருத்த வேறொரு தமிழ் வகுப்பு கிடையாது.

பிழை பெரும்பாலும் வினைச்சொல்லில்தான் நுழைகிறது. "ஒட்டகச்சிவிங்கி உயரத்து இலையை எட்டுவதற்காகக் கழுத்தை நீட்டிக்கொண்டது." "கொசு மருந்துக்குப் பழகிவிட்டது." "விலங்குகள் சூழலுக்கேற்பத் தங்களைத் தகவமைத்துக்கொண்டன." இலக்கணப்படி மூன்றும் சரி, உயிரியல்படி மூன்றும் தவறு. 'க்காக' என்றதும் நோக்கமுள்ள ஒருவர் மனத்தில் தோன்றிவிடுகிறார். 'கொள்' என்ற துணைவினை, தன் நன்மைக்குத் தானே செய்வதைக் குறிப்பது. கழுத்தோடு சேர்ந்ததும் அது ஒட்டகச்சிவிங்கிக்கு ஒரு திட்டத்தையே கொடுத்துவிடுகிறது.

ஒட்டகச்சிவிங்கி வாக்கியத்தைத் திருத்தியவர் நமக்கு அந்நியரல்லர். 1854 ஏப்ரலில் சிங்கப்பூரில் வந்திறங்கிய இயற்கையியலாளர் ஆல்ஃபிரட் ரஸல் வாலஸ், புக்கிட் தீமாக் காட்டில் ஏறத்தாழ இரண்டு மாதங்களில் சுமார் 700 வகை வண்டுகளைச் சேகரித்தார். ஒரே இனத்துக்குள் இருக்கும் வேறுபாடுகளை ஆயிரக்கணக்கில் கையில் எடுத்துப் பார்த்த கண் அது. 1858இல் அவர் டார்வினுக்கு அனுப்பிய கட்டுரை, அதே ஆண்டு ஜூலை 1ஆம் தேதி டார்வினின் எழுத்துகளோடு சேர்த்து லண்டனில் வாசிக்கப்பட்டது. ஒட்டகச்சிவிங்கி ஆசைப்பட்டு எட்டி எட்டிக் கழுத்தை நீட்டவில்லை. வழக்கத்தைவிட நீண்ட கழுத்தோடு தற்செயலாகப் பிறந்தவை, தீனி குறைந்த காலத்தில் மற்றவற்றைத் தாண்டி உயிர் வாழ்ந்தன என்று அந்தக் கட்டுரையிலேயே எழுதியிருக்கிறார். இயற்கைத் தேர்வு என்பது இதுதான். டெய்ரி ஃபார்ம் இயற்கைப் பூங்காவில் அவர் பெயரில் நடைபாதையே இருக்கிறது. நம் மேடையோ அவர் மறுத்த வாக்கியத்தை இன்னமும் சொல்லிக்கொண்டிருக்கிறது.

கொசுவுக்கு வருவோம். ஏடிஸ் கொசுக்களில் பைரித்ராய்டு வகைக் கொல்லிகளைத் தாங்குபவை சிங்கப்பூரிலும் கண்டறியப்பட்டுள்ளன. அந்த மருந்து கொசுவின் நரம்பில் சோடியம் நுழையும் வாயிலைப் பிடித்துத் திறந்தபடி வைத்துவிடும். அதனால் நரம்பு ஓயாமல் துடித்துக் கொசு விழும். வாயிலை உருவாக்கும் மரபணுவில் ஓர் எழுத்து மாறியிருந்தால் மருந்துக்குப் பிடி கிடைக்காது. அப்படிப்பட்ட கொசு புகையடிப்பதற்கு முன்பே, எண்ணிக்கையில் மிகக் குறைவாகப் பிறந்திருந்தது. மற்றவை செத்தபிறகு அதன் வாரிசுகளே மிஞ்சின. தனிக்கொசு எதுவும் எதற்கும் பழகவில்லை. கூட்டத்தின் கணக்கு மாறியது, அவ்வளவே. ஆன்டிபயாடிக்கைப் பாதியில் நிறுத்தியவரிடம் "உடம்பு மருந்துக்குப் பழகிவிட்டது" என்று நாம் சொல்வதும் இதே பிழைதான். உடம்பு மாறவில்லை, கிருமிக் கூட்டம்தான் மாறியது.

"முன்பே இருந்தது என்று எப்படித் தெரியும்?" என்று கூர்மையான மாணவர் கேட்பார். பதிலைக் கையில் வைத்திருங்கள். 1952இல் ஜோஷுவா லெடர்பெர்க்கும் எஸ்தர் லெடர்பெர்க்கும் ஒரு வெல்வெட் துணியால் இதைக் காட்டினார்கள். கிருமி வளர்ந்த தட்டின்மேல் தூய்மைப்படுத்திய வெல்வெட்டை மெல்ல அழுத்தினால், அதன் மயிர்நுனிகளில் கிருமிகள் இருந்த இடப்படியே ஒட்டும். அதே துணியை மருந்து கலந்த பல புதுத் தட்டுகளில் வரிசையாக ஒற்ற வேண்டும். மருந்தைத் தாங்கிய புள்ளிகள் எல்லாத் தட்டுகளிலும் ஒரே இடத்தில் முளைத்தன. மருந்தைக் கண்டு மாறியிருந்தால் தட்டுக்கு ஓர் இடத்தில் முளைத்திருக்கும். பிறகு, மருந்தே படாத மூலத் தட்டில் அந்த இடத்துக் கிருமியை எடுத்து வளர்த்து, தாங்கும் வகையைப் பிரித்தும் காட்டினார்கள்.

மேடையில் வெல்வெட் வேண்டாம், பயறு போதும். பச்சைப்பயற்றின் நிறத்துக்கு நெருக்கமான, சிறு பூப்போட்ட பச்சைத் துணி ஒரு மீட்டர் எடுங்கள். 40 பச்சைப்பயறும் 40 கறுப்பு உளுந்தும் அதில் கலந்து தூவுங்கள். நான்கு மாணவர்கள் முதுகு காட்டி நின்று, ஒவ்வொருவராகத் திரும்பி, கண்ணில் முதலில் படும் ஒரே ஒரு பயற்றை எடுக்க வேண்டும். 60 எடுத்ததும் நிறுத்துங்கள். மிஞ்சிய 20இல் ஒவ்வொன்றுக்கும் அதே நிறத்தில் மூன்று சேருங்கள், மறுபடி 80. இது ஒரு தலைமுறை. மூன்று தலைமுறைக்குள் துணி பெரும்பாலும் பச்சைப்பயறாகிவிடும். இதில் கெட்டுப்போகும் இடங்கள் சில உண்டு. கையால் அள்ளினால் தேர்வே நடக்காது. கொண்டைக்கடலையைச் சேர்த்தால், நிறத்தால் தப்பியதா பருமனால் அகப்பட்டதா என்று தெரியாது. நிறம் பார்க்காமல் மூன்று சேர்த்தால் மரபுவழி என்பதே விடுபட்டுப்போகும். நான்காவது சுற்றில் துணியைக் கறுப்பாக மாற்றுங்கள். உளுந்து கொஞ்சம் மிஞ்சியிருந்தால் திரும்பிப் பெருகும். ஒன்றுகூட இல்லையென்றால் எத்தனை தலைமுறை ஆனாலும் வராது. தேவை வந்துவிட்டது என்பதற்காக உளுந்து தோன்றாது. அந்த இடத்தில் ஒரு நிமிடம் நிறுத்தி, "எந்தப் பயறு என்ன நினைத்தது?" என்று அரங்கைக் கேளுங்கள்.

அப்படியானால் 'எதற்காக' என்றே கேட்கக்கூடாதா? கேட்கலாம். நம் மொழியில் பயன், நோக்கம் என்று இரண்டு சொற்கள் இருக்கின்றன. நோக்கம் 'நோக்கு' என்பதிலிருந்து வருவது. நோக்க ஒருவர் வேண்டும். பயனுக்கு ஆள் தேவையில்லை, மரத்துக்கும் பயன் உண்டு. நோக்கமற்ற பயனைக் குறிக்க 1958இல் உயிரியலாளர் காலின் பிட்டெண்ட்ரி 'டெலியோனமி' என்ற புதுச்சொல்லையே முன்வைக்க வேண்டியிருந்தது. நமக்கு அந்தச் சிரமம் இல்லை. இதயத்துக்குப் பயன் உண்டு, நோக்கம் இல்லை. 'லப்டப்' என்ற ஓசையும் இதயத்திலிருந்துதான் வருகிறது, ஆனால் அது இதயத்தின் பயனன்று. இரத்தத்தை நன்றாக ஏற்றியதால்தான் இதயங்கள் தலைமுறை தாண்டி வந்தன, ஓசை எழுப்பியதால் அன்று. குறிப்பு எழுதும்போது 'க்காக' வரும் இடத்தில் "அப்படி இருந்தவை அதிகம் பெருகின, அதனால்" என்று விரித்துப் பாருங்கள். வாக்கியம் நின்றால் வைத்துக்கொள்ளுங்கள், நொறுங்கினால் அடித்துவிடுங்கள்.

சொற்களைப் பற்றியும் சொல்லவேண்டும். 'பரிணாம வளர்ச்சி' என்பதில் 'வளர்ச்சி' வேண்டவே வேண்டாம். ஒட்டுண்ணிகள் பல, உறுப்புகளை இழந்தே பெருகியிருக்கின்றன. 'பரிணாமம்' சாங்கியம் என்ற பழைய இந்திய மெய்யியலிலும் உண்டு. அங்கே பால் தயிராவதுபோல, விளைவு காரணத்துக்குள் ஏற்கெனவே இருப்பது. டார்வின் சொன்னது அதுவன்று. ஆனாலும் பழகிய சொல்லை விட்டுவிட வேண்டியதில்லை, பொருளை ஒருமுறை விளக்கினால் போதும். இலங்கைத் தமிழர் பாடநூல்களில் 'கூர்ப்பு' என்று எழுதுகிறார்கள். "வலியது வாழும்" என்பதை மட்டும் கைவிடுங்கள். 'survival of the fittest' என்ற ஆங்கிலத் தொடரை 1864இல் உருவாக்கியவர் மெய்யியலாளர் ஹெர்பர்ட் ஸ்பென்சர். டார்வின் தம் 'உயிரினங்களின் தோற்றம்' நூலின் ஐந்தாம் பதிப்பில், 1869இல்தான் அதை எடுத்துக்கொண்டார். அதில் பேசப்படுவது பொருத்தம், பலம் அன்று.

தொல்காப்பியர் டார்வினை முந்தினார் என்று முழங்குவதையும் நிறுத்துங்கள். தொல்காப்பியத்தின் மரபியல் என்ற பகுதி உயிர்களைப் புலனறிவின் எண்ணிக்கையால் ஆறாகப் பகுக்கிறது: புல்லும் மரமும் ஓரறிவு, சிதலும் எறும்பும் மூவறிவு. உற்றுப்பார்த்துச் செய்த அருமையான வகைப்பாடு. ஆனால் ஒன்றிலிருந்து இன்னொன்று வந்ததாக அதில் இல்லை. "புல்லாகிப் பூடாய்" என்ற மணிவாசகர் வரியில் பல பிறவி எடுப்பது ஓர் உயிர். இனங்கள் மாறுவதை அது பேசவில்லை. இரண்டையும் அவற்றின் பெருமைக்காகவே போற்றலாம், இரவல் பெருமை தேவையில்லை.

இனி மனித இயல்பு. "குழந்தை அழுததும் தாய் ஏன் விழிக்கிறாள்?" போன்ற கேள்விக்குள் நான்கு கேள்விகள் இருப்பதை 1963இல் விலங்கியலாளர் நிக்கோ டின்பெர்கன் பிரித்துக் காட்டினார். காதும் மூளையும் சுரப்பிகளும் அந்நேரம் என்ன செய்கின்றன என்பது ஒன்று. அந்தத் திறன் அவள் வாழ்நாளில் எப்படி உருவானது என்பது ஒன்று. அப்படி விழித்தவர்களின் பிள்ளைகள் அதிகம் பிழைத்தார்களா என்பது வேறு. பாலூட்டிகளின் நீண்ட வரலாற்றில் அது எப்போது வந்தது என்பது வேறு. மூன்றாவதற்கான விடையை முதலாவதற்கான விடையாக வைப்பதுதான் பட்டிமன்றத்தில் நடப்பது: "பாசமெல்லாம் மரபணுவின் சுயநலம்." 1964இல் உயிரியலாளர் வில்லியம் ஹாமில்டன் தந்த விதி, பெறுபவரின் நன்மையை உறவின் அளவால் (மரபணுவில் இருவருக்கும் பொதுவான பங்கால்) பெருக்கினால் கொடுப்பவரின் இழப்பைவிட அதிகமாக வரவேண்டும் என்கிறது, உடன்பிறந்தாருக்கு அந்த அளவு 1/2, நேர் ஒன்றுவிட்டவருக்கு 1/8. கொடுக்கும் குணம் தலைமுறைகளில் எப்போது பரவும் என்பதைத்தான் இது சொல்கிறது. தம்பிக்குச் சிறுநீரகம் கொடுக்கும் அக்காவின் மனத்தில் இந்தக் கணக்கு ஓடுவதில்லை, அவள் அன்பு பொய்யுமில்லை.

'இயல்பு' என்ற சொல்லிலும் கவனம் வேண்டும். பெரியவர் பால் குடித்துச் செரிப்பது மனித இயல்பா? வட ஐரோப்பியர் பெரும்பாலோருக்கு லாக்டேஸ் நொதி வாழ்நாள் முழுதும் சுரக்கிறது, கிழக்காசியர் பெரும்பாலோருக்குச் சிறுவயதுக்குப்பின் குறைந்துவிடுகிறது. ஒரே காப்பிக் கடை மேசையில் இரண்டு இயல்புகள் உட்கார்ந்திருக்கலாம், ஒன்று மற்றொன்றின் பழுதன்று. மனித மனத்தின் விஷயத்தில் வாலஸே 1869இல் இயற்கைத் தேர்வு போதாது என்று பிரிந்தார், டார்வின் வருந்தினார். அந்த விவாதத்தைப் பிள்ளைகளுக்குக் கொடுங்கள், அதில் உண்மையான இரு பக்கம் உண்டு.

"இப்படி இருக்கிறது" என்பதிலிருந்து "இப்படி இருக்கவேண்டும்" என்பதற்குத் தாவ முடியாது என்பதை மெய்யியலாளர் டேவிட் ஹியூம் 1740க்குள் எழுதிவிட்டார். ஆகவே "வலியது வாழும் உலகில் அறம் எடுபடுமா?" என்பதற்கு உயிரியல் தீர்ப்புத் தராது. அதற்குப் பதிலாக, "அன்பின் தோற்றத்தை அறிவது அன்பின் மதிப்பைக் குறைக்குமா?" என்று வையுங்கள். அல்லது "நம் வாழ்வின் நோக்கம் கண்டடைவதா, நாமே வகுப்பதா?" என்று வையுங்கள். நடுவருக்குத் தரும் தாளில் பயன், நோக்கம் இரண்டையும் ஒரு வரியில் வேறுபடுத்தி எழுதிவிடுங்கள். பேச்சாளர் "தகவமைத்துக்கொண்டது" என்று சொன்னால், நடுவர் அங்கேயே நிறுத்தி "யார்?" என்று கேட்கட்டும்.

அன்புடன்,
உயிரியலும் மெய்யியலும் கற்பிக்கும் சிலர்
சிங்கப்பூர்