நமது வான்நோக்குச் சங்கத்தின் ஆண்டறிக்கை: 2025–26

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களே, பொருளாளர் அவர்களே, செயற்குழுவினரே, இன்று நேரம் ஒதுக்கி வந்திருக்கும் உறுப்பினர்களே, அனைவருக்கும் வணக்கம்.

2025 ஏப்ரல் முதல் 2026 மார்ச் முடிய உள்ள ஓராண்டின் அறிக்கையை உங்கள் முன் வைக்கிறேன். செயற்குழு ஐந்து முறை கூடியது. இரண்டு பள்ளிகளில் வான்நோக்கு மாலை நடத்தினோம். செப்டம்பர் 7 இரவு முழுச் சந்திர கிரகணத்தைத் தலைவர் வீட்டு மொட்டைமாடியில் கூடிப் பார்த்தோம். நவம்பரில் சனிக்கோளைக் காட்டினோம். அதன் வளையம் இந்த ஆண்டு நம் பார்வைக்கு ஏறக்குறைய பக்கவாட்டில் திரும்பியிருந்ததால் ஊசி குத்தியதுபோல் ஒரு கோடுதான் தெரிந்தது. வளையத்தை எதிர்பார்த்து வந்த குழந்தைகளுக்கு ஏமாற்றம்.

ஒரு சனிக்கிழமை காவலூர் வானாய்வகத்துக்குச் சென்றுவந்தோம். பழைய வட ஆர்க்காடு மாவட்டத்துக்குள் இருந்த ஜவ்வாது மலையில், 1986இல் திறக்கப்பட்ட 2.34 மீட்டர் தொலைநோக்கி நிற்கிறது. யுரேனஸின் வளையங்களை 1977இல் பதிவு செய்த இடங்களுள் காவலூரும் ஒன்று. ராமானுஜன் பெயர் தாங்கிய சிறுகோள் 1988இல் அங்கேதான் கண்டுபிடிக்கப்பட்டது. இத்தனை பெருமை பக்கத்திலேயே இருந்தும், பதினெட்டு இருக்கை வேனில் ஒன்பது பேர்தான் ஏறினோம். வேனுக்கு முழு வாடகை கொடுத்தோம் என்பதைப் பதிவு செய்கிறேன்.

இனி, இந்த ஆண்டு நான் முழு மனத்தோடு ஈடுபட்ட 'இருபத்தொன்று' பதிவேட்டைப் பற்றி, அதாவது வானத்தின் மிகப் பிரகாசமான 21 விண்மீன்களையும் பார்த்துக் குறித்துவைக்கும் ஏட்டைப் பற்றிச் சொல்ல வேண்டும். அதற்கு இவ்வளவு நேரம் தேவையா என்று செயற்குழுவில் இருமுறை கேட்கப்பட்டது. அதற்கான விடையும் இதில் இருக்கிறது.

கோயிலில் அர்ச்சனைக்குச் சீட்டு வாங்கும்போது பேரும் நட்சத்திரமும் சொல்கிறோம். வேலூர்க் கோட்டைக்குள் ஜலகண்டேஸ்வரர் சன்னதியில் எத்தனையோ முறை என் நட்சத்திரத்தைச் சொல்லியிருக்கிறேன். ஐம்பது வயது வரை அது வானத்தில் எங்கே இருக்கிறது என்று எனக்குத் தெரியாது. தெரியாமலே போயிருக்கலாம் என்ற எண்ணம் இன்றும் என்னை வருத்துகிறது. பதிவேடு பிறந்தது அந்த வருத்தத்தில்தான்.

வானத்தை 88 விண்மீன் கூட்டங்களாக வானியலார் பிரித்திருக்கிறார்கள். அவற்றின் விண்மீன்களில் முதல் தரத்தவை, அதாவது ஒளித்தரம் 1.5ஐவிடப் பிரகாசமானவை, மொத்தம் 21. (ஒளித்தர எண் குறையக் குறைய ஒளி கூடும்.) அவை 18 கூட்டங்களில் பரவிக் கிடக்கின்றன. வேலூர் ஏறக்குறைய 13 பாகை வட அட்சத்தில் இருப்பதால் ஆண்டு முழுதும் பொறுமையாகப் பார்ப்பவருக்கு இந்த 21ம் தெரியும். லண்டனில் இருப்பவர் அகத்திய நட்சத்திரத்தைத் தன் ஊரிலிருந்து ஒருநாளும் பார்க்க முடியாது. டில்லியில் அது அடிவானத்திலிருந்து 9 பாகைகூட ஏறாது. நமக்கு 24 பாகை ஏறுகிறது. கையை நீட்டிப் பிடித்தால் ஒரு முட்டி ஏறத்தாழ 10 பாகை. இரண்டரை முட்டி உயரத்தில் அகத்தியர் நிற்கிறார். வட துருவ விண்மீனோ ஒரு முட்டிக்குச் சற்று மேலே, வடக்கே தாழ்வாக இருக்கிறது. வானத்தின் இரு பாதிகளையும் எட்டிப் பார்க்க வாய்த்த ஊர் நம் ஊர்.

இந்த 21இல் எட்டு, நாம் ஜாதகத்தில் எழுதும் நட்சத்திரங்களுக்கு உரியவை: ரோகிணி, திருவாதிரை, புனர்பூசம், மகம், சித்திரை, சுவாதி, கேட்டை, திருவோணம். ஆகவே பதிவேட்டில் தேதி, நேரம், விண்மீனின் பெயர், முட்டிக் கணக்கில் உயரம், பார்த்தவர் கையெழுத்து என ஐந்து பத்திகள் போட்டேன். பொருளாளரின் நட்சத்திரம் பூசம். அது கடகத்தில் நான்காம் தர ஒளியில் மங்கித் தெரிவது. பட்டியலில் இல்லையே என்று அவர் வருந்தியது நியாயம்தான்.

ஏப்ரலில் சித்திரையும் சுவாதியும் எளிதாகக் கிடைத்தன. சுவாதி 37 ஒளியாண்டு தொலைவில் இருப்பது. ஏறக்குறைய நம் உச்சந்தலைக்கு மேலேயே வந்து நிற்கும். மே மாதம் அக்னி நட்சத்திரத்தைக் காட்டச் சொல்லிப் பலர் கேட்டார்கள். அந்த நாட்களில் சூரியன் கார்த்திகையை ஒட்டி நிற்பதால் கார்த்திகையை இரவில் பார்க்க முடியாது என்பதை விளக்கினேன். அந்த மாத அமாவாசையை ஒட்டித்தான் தென்சிலுவைக் கூட்டத்தின் இரண்டும் சென்டாரஸ் கூட்டத்தின் இரண்டும், ஆக நான்கு விண்மீன்கள் ஒரே இரவில் பதிவாயின. ஊருக்குள்ளிருந்து பார்த்தால் தெற்கே மலையும் விளக்கொளியும் அடிவானத்தை விழுங்கிவிடுகின்றன. ஆகையால் கணியம்பாடிக்கு அப்பால் ஒரு நிலத்துக்குச் சென்றோம். அந்த நான்கில் ஒன்றான ஆல்பா சென்டாரி 16 பாகைதான் ஏறுகிறது. 4.37 ஒளியாண்டில் இருக்கும் நமது பக்கத்து வீட்டுச் சூரியன் அது. வாட்ஸ்அப் குழுவில் 31 பேர் கட்டைவிரல் காட்டியிருந்தார்கள். வந்தவர்கள் நான்கு பேர்.

ஜூலையில் நடந்ததை மட்டும் சற்று விரிவாகச் சொல்ல அனுமதி வேண்டுகிறேன். உறுப்பினர் ஒருவர் தம் மகளை அழைத்துவந்திருந்தார். அந்தப் பெண்ணின் நட்சத்திரம் கேட்டை. மூத்த மைத்துனருக்கு ஆகாது என்று சொல்லி இரண்டு வரன்கள் தட்டிப்போயிருந்தன என்பது எனக்குப் பின்னால்தான் தெரிந்தது. தெற்கே ஐந்து முட்டி உயரத்தில், விருச்சிகத்தின் நெஞ்சில், அடுப்பில் அணையப்போகும் கரித்துண்டுபோல் சிவந்திருந்த விண்மீனைக் காட்டினேன்.

"இதுதான் என் நட்சத்திரமா சார்?"

"இதுதானம்மா கேட்டை. நம் சூரியன் இருக்கும் இடத்தில் இதைக் கொண்டுவந்து வைத்தால் பூமியையும் செவ்வாயின் பாதையையும் தாண்டி நிற்கும். அத்தனை பெரியது."

அந்தப் பெண் வேறொன்றும் கேட்கவில்லை. தொலைநோக்கியை விட்டு விலகி, வெறுங்கண்ணால் பத்து நிமிடம் பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு வந்து, தேதியை எழுதி, தன் பெயரை இனிஷியலோடு முழுதாக எழுதிக் கையெழுத்திட்டாள். பதிவேட்டின் ஏழாம் பக்கத்தில் அது இருக்கிறது. கூட்டம் முடிந்ததும் யாரும் வந்து பார்க்கலாம்.

ஆகஸ்டில் அபிஜித், திருவோணம், டெனப் மூன்றும், அக்டோபரில் ஃபோமல்ஹாட்டும் பதிவாயின. ஆக்கர்னார்தான் மூன்று ஆண்டுகளாகக் கைக்கு எட்டாமல் இருந்தது. அது மாலையில் தெற்கே உச்சிக்கு வருவது நவம்பரில். நமக்கோ அது வடகிழக்குப் பருவமழைக் காலம். எரிடானஸ் என்னும் ஆற்று வடிவ விண்மீன் கூட்டம் ஓரியன் கூட்டத்தின் காலடியில் புறப்பட்டுத் தெற்கே வளைந்து வளைந்து ஓடுகிறது. அந்த ஆறு முடியுமிடம் ஆக்கர்னார். அரபியில் அதன் பொருளும் 'ஆற்றின் கடைசி' என்பதே. இரண்டு மழைகளுக்கு நடுவே ஓர் இரவு வானம் திறந்தது. இருட்டில் சேற்றில் வண்டியைத் தள்ளிக்கொண்டு அதே நிலத்துக்குப் போனோம். பத்து மணி வாக்கில், இரண்டு முட்டி உயரத்தில், சுற்றிலும் துணைக்கு ஒன்றும் இல்லாமல் தனியே வெண்ணீல ஒளியோடு நின்றிருந்தது. நிலத்துக்கு உரிய அம்மா வரக்காப்பி கொண்டுவந்து கொடுத்தார். கிழக்கே எழுந்திருந்த ஓரியனின் மூன்று விண்மீன்களைக் காட்டி, "இது எங்களுக்கு ஏர்க்கலப்பைங்க ஐயா, எங்க மாமனார் இதைப் பார்த்துத்தான் நேரம் சொல்லுவார்" என்றார். அவர் கைநாட்டும் பதிவேட்டில் இருக்கிறது. சங்கத்தில் உறுப்பினர் அல்லாதவர் அவர்.

டிசம்பர், ஜனவரியில் பள்ளிப் பிள்ளைகள் ஓரியனைப் பார்க்கும்போது ஒரு மாணவன் கேட்ட கேள்வியையும் இங்கே பதிவு செய்கிறேன். திருவாதிரைக்கு 'ஆல்பா' என்று எழுதியிருக்கிறீர்கள், ஆனால் கீழே இருக்கும் ரைகல்தானே அதிகம் மின்னுகிறது என்றான். அவன் கண் சரியானது. 1603இல் யோஹான் பேயர் கூட்டங்களின் விண்மீன்களுக்குக் கிரேக்க எழுத்துகளைச் சூட்டியபோது, முதல் எழுத்து எல்லா இடத்திலும் முதல் ஒளிக்குப் போய்ச் சேரவில்லை. மிதுனத்திலும் ஆல்பா காஸ்டருக்கு, ஆனால் அதிக ஒளி புனர்பூசமான போலக்ஸுக்கு. மேலும் திருவாதிரை ஒளி மாறும் விண்மீன். 2019 கடைசியிலிருந்து 2020 பிப்ரவரி வரை அது கண்கூடாக மங்கியது. அது உமிழ்ந்த வாயு குளிர்ந்து தூசியாகி முன்னால் திரையிட்டதே காரணம் என்று பின்னர் கண்டார்கள். மிதுனத்தில் வியாழன் நின்றிருந்ததால் அதையே 'மிகப் பெரிய நட்சத்திரம்' என்று பலர் பதிவேட்டில் எழுத முயன்றார்கள். கோளுக்கு அதில் இடமில்லை என்று நான் மறுத்ததைச் சிலர் கடுமை என்றார்கள். பதிவேடு சரியாக இருக்க வேண்டும் என்பதைத் தவிர எனக்கு வேறு நோக்கம் இல்லை.

விண்மீன்களின் ஒளித்தரம் ஐந்து படி குறைந்தால் ஒளி சரியாக நூறு மடங்கு கூடும் என்ற கணக்கை 1856இல் முன்வைத்தவர் நார்மன் போக்சன். அவர் 1861இல் சென்னை வானாய்வகத்துக்கு வந்து 1891இல் இறக்கும்வரை அங்கேயே பணியாற்றினார். அங்கே அவரிடம் உதவியாளராக இருந்த ரகுநாதாச்சாரி 1867இல் ஒளி மாறும் விண்மீன் ஒன்றைக் கண்டுபிடித்தார். இதைப் பற்றி நான் தயாரித்த உரைக்கு ஆறு பேர் வந்தார்கள். அந்த ஆறு பேருக்கும் என் நன்றி.

2026 மார்ச் 3 மாலை, நிலவு கிரகணம் பிடித்தபடியே கிழக்கே எழுந்தது. கிரகணம் விட்டபின் நிலவுக்குச் சற்று மேலே மகம் தெரிந்தது. அதுதான் இருபத்தொன்றாவது வரி. அன்று பதிவேடு நிறைவடைந்தது.

கணக்கு வழக்கைப் பொருளாளர் தனியே படிப்பார். கையிருப்பு சொற்பம் என்பதை மட்டும் சொல்கிறேன். உறுப்பினர்கள் 58 பேர். ஆண்டுச் சந்தா 300 ரூபாய். கட்டியவர்கள் 23 பேர். நேரில் போய்க் கேட்டபோது, நான் வருவதே இல்லையே, எதற்குச் சந்தா என்று ஒருவர் சொன்னார். வராததையே தராததற்குக் காரணமாகச் சொன்ன அந்தப் பதில் என் மனத்தை விட்டு அகலவில்லை. பற்றாக்குறையைத் தற்காலிகமாக நான் ஈடுகட்டியிருக்கிறேன். அதைப் பற்றி இங்கே மேலும் பேச விரும்பவில்லை.

நமது வழக்கமான இடத்துக்கு எதிரே இந்த ஆண்டு உயர்கோபுர மின்விளக்கு நிறுவப்பட்டது. விளக்கு வேண்டாம் என்று யாரும் சொல்லவில்லை. ஒளி மேலே போகாமல் கீழே மட்டும் விழும்படி மூடி போடுங்கள் என்றுதான் உரிய அலுவலகத்தில் இரண்டு முறை மனு கொடுத்தேன். பதில் இல்லை. பொருளாளரின் பூசம் அந்த இடத்திலிருந்து இப்போது தெரிவதே இல்லை. அடுத்த மனுவில் நூறு கையெழுத்தாவது வேண்டும்.

இடம் கொடுத்த அந்த அம்மாவுக்கும், இரண்டு பள்ளிகளின் தலைமை ஆசிரியர்களுக்கும், வேன் ஓட்டுநருக்கும், தலைவருக்கும், பொருளாளருக்கும், செயற்குழுவினருக்கும் நன்றி.

அடுத்த ஆண்டு 88 கூட்டங்களிலும் நம் ஊரிலிருந்து காணக்கூடிய ஒவ்வொன்றின் தலைமை விண்மீனையும் பதிவேட்டில் ஏற்ற வேண்டும் என்பது என் விருப்பம். அவற்றில் பல மூன்றாம், நான்காம் தரத்தவை. நமது ஆறு அங்குலத் தொலைநோக்கியின் ஆடி மங்கிவிட்டது. புதிதாக அலுமினியப் பூச்சு இடாமல் இனி அதைப் பயன்படுத்துவது கடினம். ஆறு ஆண்டுகளாகச் செயலாளராக இருக்கிறேன். வேறு யாரேனும் முன்வந்தால் பதிவேட்டையும் தொலைநோக்கிப் பெட்டியின் சாவியையும் இன்றே ஒப்படைக்கச் சித்தமாக இருக்கிறேன். யாரும் வரவில்லையெனில் தொடர்ந்து செய்வேன், ஆனால் ஆடிக்கு வழி பிறக்க வேண்டும்.

அடுத்த வான்நோக்கு மே 16 சனிக்கிழமை, அமாவாசை. மாலை 7 மணிக்குப் பழைய பஸ் நிலையத்திலிருந்து புறப்படுகிறோம். இரவு 9 மணி வாக்கில் தென்சிலுவை நேர் தெற்கே நிற்கும். டார்ச்சுக்குச் சிவப்புக் காகிதம் சுற்றிக்கொண்டு வாருங்கள். ரசீதுப் புத்தகம் என்னிடம் இருக்கும்.

தங்கள் உண்மையுள்ள,
செயலாளர்