ழான் மொரோவைப் புதிய அலை கண்டெடுக்கவில்லை

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

தங்கள் ஞாயிறு இணைப்பில் நடிகை ழான் மொரோ பற்றி வந்த கட்டுரையைப் படித்தோம். இங்கே திரையரங்குக்கு வராத படங்களின் நடிகைக்கு அரைப் பக்கம் கொடுத்ததற்கு நன்றி. ஆனால் அவரைப் பிரெஞ்சுப் புதிய அலை (ஐம்பதுகளின் இறுதியில் ஸ்டுடியோ வழக்கங்களை உடைத்த இளைஞர்களின் சினிமா) இயக்குநர்கள் கண்டெடுத்த புதுமுகம் என்று கட்டுரை சொல்வது சரியல்ல. அவரைப் பற்றி எழுதுகிற பலரும் இதையேதான் சொல்கிறார்கள். ஆண்டுகளை வரிசையாக வைத்துப் பார்த்தாலே இந்தக் கதை நிற்காது.

மொரோ பிறந்தது 1928 ஜனவரி 23, பாரிஸில். அப்பா உணவகம் நடத்தியவர். அம்மா ஆங்கிலேயர், ஃபோலி பெர்ழேர் என்ற பாரிஸ் கேளிக்கை அரங்கில் ஆடிய நடனக் கலைஞர். பாரிஸ் கான்சர்வத்துவாரில் நடிப்புப் பயிற்சி பெற்ற மொரோ, நாடக இயக்குநர் ழான் விலார் 1947இல் அவின்யோன் நகரில் தொடங்கிய முதல் நாடக விழாவிலேயே மேடையேறினார். அதே ஆண்டு பிரான்சின் அரசு நாடக அரங்கான கொமெதி ஃபிரான்சேஸில் சேர்ந்தார். பின்னர் விலாரின் குழுவில், அன்றைய பெரும் நட்சத்திரமான ழெரார் ஃபிலிப்புடன் நடித்தார். முதல் படம் 1949இல் வந்தது. 1954இல் ழாக் பெக்கர் இயக்கிய 'துஷே பா ஓ க்ரிஸ்பி' என்ற கொள்ளையர் படத்தில் நடிகர் ழான் கபேன் அவரை அறைகிற காட்சி இன்றும் பேசப்படுகிறது. 1956 இறுதியில் பீட்டர் புரூக் இயக்கத்தில் டென்னசி வில்லியம்ஸ் நாடகத்தின் பாரிஸ் மேடையேற்றத்தில் அவர்தான் நாயகி. இளம் இயக்குநர் லூயி மால் தன் முதல் கதைப்படத்துக்கு அவரை அழைத்தபோது மொரோவுக்கு வயது 29, கணக்கில் பதினைந்துக்கு மேற்பட்ட படங்கள். அழைத்தவருக்கோ இன்னும் 25 நிறையவில்லை. யார் யாரைக் கண்டெடுத்தார் என்று வாசகர்களே முடிவு செய்யட்டும்.

அப்படியானால் 1957இல் மாறியது என்ன? அவர் முகத்தில் விழுந்த வெளிச்சம். கட்டுரை ஒரு வரிகூடச் சொல்லாத விஷயம் இது என்பதால் கொஞ்சம் விரிவாக எழுத வேண்டியிருக்கிறது.

ஐம்பதுகளின் பிரெஞ்சு ஸ்டுடியோ வழக்கப்படி கதாநாயகியின் முகத்துக்குத் தடித்த ஒப்பனை போடுவார்கள். முன்னால் உயரத்திலிருந்து ஒரு பெரிய விளக்கு. அது உண்டாக்கும் நிழலை அழிக்கப் பக்கவாட்டில் இன்னொன்று. கூந்தல் மினுங்கப் பின்னால் மூன்றாவது. குளோசப் என்றால் லென்ஸுக்கு முன் மெல்லிய வலைத் துணியும் உண்டு. மொரோவின் கண்களுக்குக் கீழே கருவளையம் இருந்தது, வாயின் ஓரங்கள் கீழ்நோக்கி வளைந்திருந்தன. இது படத்துக்கு ஏற்ற முகமில்லை என்பதே அன்றைய தயாரிப்பாளர்களின் தீர்ப்பு. ஆகவே அந்த முகத்தை விளக்காலும் பூச்சாலும் சமதளமாக்கினார்கள். கேடும் அங்கேதான் வந்தது. கண்ணையும் வாயையும் சுற்றி நடக்கும் சின்னச் சின்ன அசைவுகள், அவை உண்டாக்கும் நிழலால்தான் நமக்குத் தெரிகின்றன. நிழலைத் துடைத்துவிட்டால் கருவளையத்தோடு நடிப்பும் போய்விடும். அந்தப் பழைய படங்களில் மொரோ சாதாரணமாகத் தோன்றுவதற்கு அவருடைய நடிப்பைக் குறை சொல்ல முடியாது.

'அசான்சர் பூர் லெஷஃபோ' (தூக்குமேடைக்கு ஒரு மின்தூக்கி) படத்தில் மாலும் ஒளிப்பதிவாளர் ஆன்ரி தெக்கேயும் இந்த ஏற்பாட்டையே தூக்கிப் போட்டார்கள். காதலனைத் தேடி இரவு முழுக்க ஷான்ஸ் எலிஸே சாலையில் அலைகிறாள் நாயகி. மொரோவுக்கு ஒப்பனை இல்லை, சினிமா விளக்கும் இல்லை. கடைக் கண்ணாடிகளிலிருந்து கசிந்த வெளிச்சம் மட்டும். குறைந்த வெளிச்சத்திலும் பதியும் ட்ரை-எக்ஸ் என்ற அதிவேக பிலிமைப் போட்டு, கேமராவைக் குழந்தைத் தள்ளுவண்டியில் வைத்து அவருக்கு முன்னால் இழுத்துச் சென்றார்கள்.

இதில் தவறு நேர நிறைய இடமுண்டு. அதிவேக பிலிமில் படத்தைப் பதிக்கும் வெள்ளி மணிகள் பெரியவை, படம் சொரசொரப்பாகும். வெளிச்சம் போதாததால் லென்ஸை முழுதாகத் திறக்க வேண்டும். திறந்தால் குவியம் நிற்கும் ஆழம் குறுகிவிடும். நடப்பவர் ஓர் எட்டு முந்தினாலும் பிந்தினாலும் முகம் கலங்கும். வண்டிக்கும் தனக்கும் உள்ள தூரத்தை ஒரே அளவாகக் காத்து நடந்துகொண்டே, எதையும் கவனிக்காதவள் போலத் தோன்றுவது மேடையில் பத்தாண்டு பழகிய உடலுக்குத்தான் வரும் என்பது எங்கள் கருத்து. கடை வெளிச்சம் ஒரே சீராக இருக்காது. பிரகாசமான கடையைத் தாண்டினால் முகம் இருளும், அடுத்த கடையில் மீண்டும் துலங்கும். அந்தக் குறையையே மால் காட்சியாக வைத்துக்கொண்டார். தெருவிலேயே ஒலிப்பதிவு செய்யாமல், நாயகியின் மனக்குரலைப் பின்னர் தனியாகச் சேர்த்தார்கள். அமெரிக்க ஜாஸ் கலைஞர் மைல்ஸ் டேவிஸ் 1957 டிசம்பர் 4 இரவு பாரிஸ் ஒலிப்பதிவுக் கூடத்தில், திரையில் காட்சிகளை ஓடவிட்டுப் பார்த்தபடியே டிரம்பெட் வாசித்தார். படத்தில் கேட்பது மொத்தம் 18 நிமிடம் அளவுக்குத்தான்.

படச்சுருளைக் கழுவிய லேப் தொழிலாளர்கள், மாலும் தெக்கேயும் நடிகையின் முகத்தைக் கெடுத்துவிட்டார்கள் என்று தயாரிப்பாளரிடம் புகார் சொன்னதாக மால் பின்னாளில் கூறியிருக்கிறார். கெடுத்தார்கள் என்று அவர்கள் சொன்ன அந்த முகம்தான் அடுத்த பத்தாண்டு ஐரோப்பிய சினிமாவின் முகம்.

'அசான்சர்' திரைக்கு வந்த அதே 1958இல் மாலின் அடுத்த படம் 'லெ ஸமான்' (காதலர்கள்) வந்தது. வெனிஸ் திரைப்பட விழாவில் நடுவர் குழுவின் சிறப்பு விருது பெற்றது. இதை "சர்ச்சைக்குரிய படம்" என்று ஒரு சொல்லில் கடந்துவிட்டது கட்டுரை. அமெரிக்காவின் ஓஹையோ மாநிலத்தில் இதைத் திரையிட்ட அரங்க மேலாளருக்கு 2,500 டாலர் அபராதம் விதித்தார்கள். வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போய், 1964இல் தண்டனை ரத்தானது. ஆபாசம் எது என்று வரையறுக்க முடியாவிட்டாலும் பார்த்தால் தெரியும், இந்தப் படம் அது அல்ல என்று நீதிபதி பாட்டர் ஸ்டூவர்ட் எழுதியது இந்த வழக்கில்தான். சட்டக் கல்லூரிகளில் இன்றும் மேற்கோள் காட்டப்படும் வாசகம் அது.

புதிய அலை இயக்குநர் த்ரூஃபோவின் 'ழூல் எ ஜிம்' (1962) பற்றிக் கட்டுரை நிறையவே பேசியிருப்பதால் விடுபட்ட இரண்டை மட்டும் சேர்க்கிறோம். ஒன்று, மொரோ சிரிக்கும்போது படம் சட்டென உறைந்து நிற்கும் இடங்கள். அவர் அசையாமல் நின்றதால் வந்தவை அல்ல அவை. நெகட்டிவில் ஒரு சட்டத்தை (ஃபிரேம்) தேர்ந்து, லேபில் அதையே திரும்பத் திரும்ப அச்சடிப்பார்கள். ஒரு நொடிக்கு 24 பிரதி. கணத்துக்குக் கணம் மாறிக்கொண்டே இருக்கும் முகத்தில்தான் இந்த உத்தி எடுபடும். இரண்டு, அந்தப் படத்தில் அவர் பாடும் சுழல்காற்றுப் பாட்டு. எழுதியவர் செர்ழ் ரெஸ்வானி. பஸ்ஸியாக் என்ற புனைபெயரில் படத்திலும் நடித்து, கிதார் வாசிப்பவரும் அவரே. பாடல் அங்கேயே நேரடியாக ஒலிப்பதிவானது. ஓரிடத்தில் சரணங்களின் வரிசை குழம்பி, மொரோ கையால் ஒரு சைகை காட்டுவார். த்ரூஃபோ அதை வெட்டவில்லை. அடுத்த ஆண்டே ரெஸ்வானியின் 12 பாடல்களைக் கொண்ட இசைத்தட்டு மொரோ குரலில் வந்தது. பயின்ற பாடகியின் குரல் அல்ல; பேச்சுக்கும் பாட்டுக்கும் நடுவில் நிற்கும் குரல்.

'மொதராத்தோ கான்தாபிலே' படத்துக்காக 1960இல் கான் திரைப்பட விழாவின் சிறந்த நடிகை விருதை கிரேக்க நடிகை மெலினா மெர்கூரியுடன் பகிர்ந்துகொண்டார். இயக்குநர்கள் அந்தோனியோனி, வெல்ஸ், லோசி ஆகியோருடன் அடுத்தடுத்துப் படங்கள். வேறு இரு இயக்குநர்களுடன் அவர் செய்த படங்களை நாங்கள் தனியே வைப்போம். ழாக் தெமியின் 'லா பே தெ ஸான்ழ்' (தேவதைகளின் விரிகுடா, 1963) படத்தில் வெளுத்த பொன்னிறக் கூந்தலும் வெள்ளை உடையுமாகச் சூதாட்ட மேசையில் உட்கார்ந்திருப்பார். பணம் வந்தாலும் போனாலும் முகத்தில் தெரிவது ஒரே பசி. அடுத்த ஆண்டு புனுவெலின் 'பணிப்பெண்ணின் நாட்குறிப்பு'. குதிகால் உயர்ந்த காலணியில் நடக்கும்போது மொரோவின் பாதம் லேசாக நடுங்குவதைப் புனுவெல் தம் நினைவுக் குறிப்பில் ரசித்து எழுதியிருக்கிறார். வசனம் குறைவான அந்தப் பாத்திரத்தில், எஜமானர் வீட்டைப் பற்றி அவள் என்ன நினைக்கிறாள் என்பதை நடையிலேயே படிக்கலாம்.

கட்டுரையின் கடைசிப் பத்தி முழுக்கக் காதல் பட்டியல். அந்த இடத்தில் எழுதியிருக்க வேண்டியவை: 1976இலும் 1979இலும் அவரே இரண்டு கதைப்படங்களை இயக்கினார், 1975, 1995 ஆகிய இரு ஆண்டுகளில் கான் நடுவர் குழுவுக்குத் தலைமை வகித்தார், அறுபது வயதை நெருங்கும்போது மேடைக்குத் திரும்பி, பணிப்பெண் ஸெர்லீனின் கதையைச் சொல்லும் நாடகத்துக்காக 1988இல் பிரான்சின் நாடக விருதான மோலியேர் விருது பெற்றார், 1992இல் சிறந்த நடிகைக்கான செஸார் என்ற பிரெஞ்சுத் திரைப்பட விருது, 2000இல் பிரான்சின் நுண்கலை அகாதெமிக்குத் தேர்வான முதல் பெண். 2017 ஜூலை 31 அன்று காலமானார்.

இந்தப் படங்களைத் திரையிட விரும்பும் வாசகர் வட்டங்களுக்கும் கல்லூரி மன்றங்களுக்கும் சில குறிப்புகள். 'லெ ஸமான்', 'ழூல் எ ஜிம்', புனுவெல் படம் ஆகிய மூன்றும் அகலத்திரைப் படங்கள், உயரத்தைப் போல அகலம் 2.35 மடங்கு. பத்தடி அகலமுள்ள சாதாரண 16:9 திரையில் படம் நாலேகால் அடி உயரம்தான் வரும். மேலும் கீழும் எட்டு அங்குலம் கறுப்பாக நிற்கும். அதை நிரப்ப ஜூம் செய்தால் ஓரத்தில் நிற்பவர் காணாமல் போவார். இந்தப் படங்களில் ஓரத்தில் நிற்பவர் பெரும்பாலும் முக்கியமானவர். புரொஜெக்டரில் நாய்ஸ் ரிடக்ஷன், மோஷன் ஸ்மூத்திங் இரண்டையும் அணைத்துவிடுங்கள். முதலாவது பிலிம் மணிகளைத் துடைக்கப் போய் முகத்தின் தோலையும் மெழுகாக்கிவிடும். இரண்டாவது, படத்தைத் தொலைக்காட்சித் தொடர் போல வழுக்க வைக்கும். இரவுக் காட்சிகள் இருட்டாகத் தெரிகின்றன என்று பிரைட்னஸைக் கூட்டினால் கறுப்பு சாம்பலாகி, தெக்கே செய்ததெல்லாம் வீண். ஜன்னலுக்குக் கறுப்புத் துணி போடுவதே வழி. ஆங்கில டப்பிங் பிரதிகள் வேண்டாம். சிகரெட் கரகரப்புள்ள அந்தக் குரலைக் கேட்காமல் மொரோவைப் பார்த்ததாகச் சொல்ல முடியாது.

ஒரே நாளில் இரண்டு படம் போட முடிந்தால், முதலில் 1954இன் பெக்கர் படம், அடுத்து 'அசான்சர்'. இரண்டுக்கும் இடையே நாலே ஆண்டுகள்தான்.

இப்படிக்கு,
திரைப்பட மன்ற உறுப்பினர்கள் சிலர்,
புதுச்சேரி