மாத்திரையை நிறுத்தியதாகக் கேள்விப்பட்டேன்

தஞ்சாவூர்,
ஞாயிறு இரவு

அன்புள்ள சபாபதி,

நலம், நலமறிய ஆவல். சித்திரைக்குப் பிறகு உனக்கு நான் ஒரு வரிகூட எழுதவில்லை. அதற்கான காரணம் கீழே இருக்கிறது, படித்துவிட்டுத் திட்டு. வீட்டில் எல்லோரும் சுகம். கிணற்றடி மாமரம் இந்த வருடமும் காய்க்கவில்லை. வரதன் இன்னமும் அந்த வரப்பு விவகாரத்தை விடவில்லை.

நேற்று மாலை தங்கை கோமதி தொலைபேசியில் இரண்டு செய்திகள் சொன்னாள். கைக்கடிகாரம் நாடித்துடிப்பு 54 என்று காட்டியதாலும் உடம்பு அசதியாக இருப்பதாலும், மாரடைப்புக்குப் பின் உனக்கு எழுதிக் கொடுத்த மெட்டோபிரோலால் மாத்திரையை மருத்துவரைக் கேட்காமலே நிறுத்திவிட்டாய் என்பது ஒன்று. மீந்த அட்டையை, கை நடுக்கத்துக்கு நல்லதாம் என்று மாணிக்கத்திடம் கொடுத்துவிட்டாய் என்பது மற்றொன்று. உடனே உன்னை அழைத்தேன். "நாளைக்குப் பார்க்கலாம்" என்று பாதிப் பேச்சில் வைத்துவிட்டாய். பள்ளிக்கூடத்திலிருந்தே உன் "நாளைக்கு" எப்படிப்பட்டது என்று எனக்குத் தெரியும். அதனால்தான் இதைக் கையால் எழுதி, பேரனை விட்டுப் படம் எடுத்து இன்றிரவே உன் கைப்பேசிக்கு அனுப்பச் சொல்லியிருக்கிறேன்.

இனி என் கதை. வைகாசியில் அக்கா மகன் கல்யாணத்துக்குக் காரைக்குடி போனபோது மாத்திரை டப்பாவைக் குளிர்பெட்டி மேலேயே வைத்துவிட்டேன். நான்கு நாள்தானே, இரத்த அழுத்தம் சரியாகத்தானே இருக்கிறது என்று நினைத்து, அங்கே ஒரு மருந்துக்கடைக்குக்கூடப் போகவில்லை. மூன்றாம் நாள் இரவுப் பந்தியில் இலையில் தண்ணீர் தெளித்துவிட்டுக் குனிந்தபோது, சட்டைப் பையில் மடித்து வைத்திருந்த மொய்க் கவர் துடிப்புக்குத் துடிப்பு அசைவதை நானே பார்த்தேன். பாயசம் வருவதற்குள் நெஞ்சின் நடுவில் யாரோ முழங்காலை ஊன்றியது போன்ற அழுத்தம் தொடங்கி, இடது கை வழியே விரல் வரை இறங்கிவிட்டது. மருத்துவமனையில் இ.சி.ஜி. எடுத்தபோது துடிப்பு நிமிடத்துக்கு 128. என் பேத்தி வயதிருக்கும் அந்தப் பெண் மருத்துவர் முதலில் கேட்டது, "எந்த மாத்திரையை நிறுத்தினீர்கள்?" என்பதுதான். இரண்டாவது மாரடைப்பாக மாறாமல் தப்பினேன். இதை உனக்கு எழுத மனம் வராமல்தான் இத்தனை நாள் பேசாமல் இருந்தேன். நான் அன்றே எழுதியிருந்தால் நீ இப்போது இதைச் செய்திருக்க மாட்டாய் என்ற எண்ணம் நேற்றிலிருந்து என்னை அரித்துக்கொண்டிருக்கிறது.

அந்த மருத்துவர் அன்று எனக்கு விளக்கியதையும், பிறகு நான் தேடிப் படித்ததையும் உனக்குப் புரியும் வழியில் சொல்கிறேன். பழைய பேருந்து நிலையத்தில் ஜன்னல் வழியே நாம் இடம் பிடிக்கப் போட்ட அந்தச் சிவப்புத் துண்டு உனக்கு மறந்திருக்காது. பயமோ கோபமோ ஓட்டமோ வரும்போது உடம்பு அட்ரினலினையும் அதன் உடன்பிறப்பான நார்அட்ரினலினையும் சுரக்கிறது. அவை இதயத்தசையின் செல்களில் உள்ள பீட்டா ஏற்பிகள் என்னும் இருக்கைகளில் வந்து உட்கார்ந்தால்தான் இதயம் வேகமாகவும் பலமாகவும் துடிக்கும். நீயும் நானும் போடுகிற பீட்டா பிளாக்கர் வகை மாத்திரை அந்த இருக்கைகளில் விழுகிற துண்டு. அது எந்த வேலையும் செய்வதில்லை. அட்ரினலின் வந்து பார்த்துவிட்டு உட்கார இடமில்லாமல் நிற்கிறது, அவ்வளவுதான். ஆனால் மாதக்கணக்கில் இருக்கைகள் மறிக்கப்பட்டே இருந்தால் உடம்பு சும்மா இருப்பதில்லை, புதிது புதிதாக இருக்கைகளைப் போட்டுக்கொண்டே போகிறது. அந்த நிலையில் ஒருநாள் துண்டுகளை எல்லாம் ஒரேயடியாக உருவிவிட்டால், முன்பிருந்ததைவிட அதிகமான இருக்கைகளில் கூட்டம் முழுவதும் ஒரே நேரத்தில் வந்து உட்கார்கிறது. காரைக்குடியில் எனக்கு நடந்தது இதுதான். இந்த மாத்திரையை நிறுத்தவே கூடாது என்பதில்லை. நிறுத்த வேண்டுமானால் மருத்துவர் சொற்படி ஒன்றிரண்டு வாரத்தில் அளவைப் படிப்படியாகக் குறைத்துக்கொண்டே போய்த்தான் நிறுத்த வேண்டும்.

நாடி குறைந்ததைக் கண்டு நீ பயந்தாய். கொஞ்சம் கணக்குப் போட்டுப் பார். நிமிடத்துக்கு 80 துடிப்பு என்றால் ஒரு நாளைக்கு 1,15,200. 60 என்றால் 86,400. அடைப்பு கண்ட இதயத்துக்கு நாளொன்றுக்கு 28,800 துடிப்பு வேலை மிச்சம். அதைவிட முக்கியமான ஒன்று உண்டு: இதயத்தசை தனக்கு வேண்டிய இரத்தத்தைப் பெரும்பாலும் சுருங்கும்போது அல்ல, தளர்ந்து ஓய்வெடுக்கும் நேரத்தில்தான் பெறுகிறது, ஏனெனில் சுருங்கும்போது தசை தன் சொந்தக் குழாய்களையே நெரித்துவிடுகிறது. துடிப்பு வேகமானால் முதலில் குறைவது அந்த ஓய்வு நேரம்தான். வேலையைக் குறைத்து, ஊட்டத்துக்கான நேரத்தைக் கூட்டிக் கொடுப்பதால்தான் நெஞ்சுவலிக்காரர்களுக்கு இந்த மருந்து இவ்வளவு உதவுகிறது. ஆனால் 54 துடிப்போடு உனக்குத் தலைசுற்றலோ மயக்கமோ இருந்தால் அதை மருத்துவரிடம் சொல்லத்தான் வேண்டும். அளவைக் குறைப்பதா, வேறு மருந்துக்கு மாற்றுவதா என்பதை அவர் பார்ப்பார். அசதியும் கை கால் சில்லிடுவதும் இந்த மருந்தால் வரக்கூடியவைதான், நீயாகக் கற்பனை செய்துகொண்டதில்லை.

இன்னொன்று சொன்னால் மகிழ்வாய். இந்த வகை மருந்தைக் கண்டுபிடித்த ஜேம்ஸ் பிளாக் என்ற ஸ்காட்லாந்துக்காரர், 1947இல் படிப்புக் கடனை அடைப்பதற்காக உன் சிங்கப்பூருக்குத்தான் வந்து மூன்று ஆண்டுகள் விரிவுரையாளராக இருந்தார். அவருடைய தந்தை ஒரு கார் விபத்துக்குப் பின் மாரடைப்பில் இறந்துபோனார். நெஞ்சுவலி என்றால் இதயத்துக்கு இரத்தத்தை எப்படி அதிகமாக அனுப்புவது என்றே மற்றவர்கள் யோசித்துக்கொண்டிருக்க, இதயம் கேட்கும் அளவையே ஏன் குறைக்கக் கூடாது என்று இவர் யோசித்தார். ஏற்பிகளில் ஆல்பா, பீட்டா என்று இரண்டு வகை உண்டு என 1948இல் அமெரிக்கர் ரேமண்ட் ஆல்குவிஸ்ட் எழுதிய கட்டுரை அதற்குள் பெரும்பாலோர் கண்டுகொள்ளாமல் கிடந்தது. பிளாக் அதைப் பிடித்துக்கொண்டார். முதலில் செய்த மருந்து எலிகளுக்குக் கட்டிகளை உண்டாக்கியதால் அதைக் கைவிட்டு, 1964இல் புரோப்ரனோலால் என்ற பீட்டா பிளாக்கரைக் கொண்டுவந்தார். 1988இல் அவருக்கு நோபல் பரிசு கிடைத்தது. "கேட்கும் அளவைக் குறைப்பது" என்ற அந்த ஒரு திருப்பத்தை நான் எத்தனை முறை நினைத்தாலும் எனக்கு அலுப்பதில்லை, சபா.

இதைவிட வியப்பு, இதயம் பலவீனமானவர்களின் கதை. இதயச் செயலிழப்பு உள்ளவருக்கு இதைக் கொடுக்கவே கூடாது என்றுதான் நெடுநாள் கற்பித்தார்கள். ஏற்கெனவே தளர்ந்த குதிரையின் கடிவாளத்தையும் இழுப்பதா என்ற தர்க்கம். 1975இல் ஸ்வீடனின் கோத்தன்பர்க் நகரில் ஃபின் வாக்ஸ்டைனும் அவருடைய குழுவினரும் ஏழே ஏழு நோயாளிகளுக்கு எச்சரிக்கையோடு கொடுத்துப் பார்த்து, அவர்கள் தேறுவதைக் கண்டு எழுதினார்கள். உலகம் அதை ஏற்றுக்கொள்ள இருபது ஆண்டுகளுக்கு மேலானது. 1999இல் ஏறத்தாழ 4,000 பேரிடம் நடந்த ஆய்வில், நீ தூக்கிப்போட்ட அதே மெட்டோபிரோலால் இறப்பை 34 சதவீதம் குறைத்தது. மிகச் சிறிய அளவில் தொடங்கி வாரக்கணக்கில் மெல்ல ஏற்ற வேண்டும் என்பதுதான் அதில் உள்ள சூட்சுமம்.

இப்போது மாணிக்கம். கை நடுக்கத்துக்கு இந்த வகை மருந்து உண்டு என்று உனக்குச் சொன்னவர் பொய் சொல்லவில்லை. ஒற்றைத் தலைவலி வராமல் தடுக்கவும், தைராய்டு மிகையால் வரும் படபடப்புக்கும், கண் அழுத்தத்துக்குச் சொட்டு மருந்தாகவும்கூட இந்தக் குடும்பத்து மருந்துகள் பயன்படுகின்றன. ஆனால் மாணிக்கத்துக்கு இழுப்பு உண்டு என்பதை நீ எப்படி மறந்தாய்? மார்கழிப் பனியில் அவன் தூணைப் பிடித்துக்கொண்டு மூச்சுக்குத் தவித்த இரவில் நீயும்தானே கூட இருந்தாய்? பீட்டா ஏற்பிகள் மூச்சுக்குழல்களிலும் இருக்கின்றன, அங்கே அவற்றின் வேலை குழல்களை விரித்து வைப்பது. அவன் உறிஞ்சும் இன்ஹேலர் மருந்து அந்த இருக்கையில்தான் உட்கார வேண்டும். அங்கே துண்டு விழுந்துவிட்டால் இழுப்பு வரும் நேரத்தில் இன்ஹேலரும் சரியாக வேலை செய்யாது. உன் மாத்திரை பெரும்பாலும் இதயத்தையே குறிவைக்கும் வகை என்பது உண்மை. ஆனால் "பெரும்பாலும்" என்ற சொல்லை நம்பி ஆஸ்துமாக்காரன் கையில் அதைக் கொடுக்கலாமா? அந்த அட்டையை இன்றே திரும்ப வாங்கு. ஒன்றிரண்டு போட்டுவிட்டான் என்றால் அவனையும் மருத்துவரிடம் அழைத்துப் போ. மூச்சு இரைத்தால் காலை வரை காத்திருக்காதே.

உனக்குச் சர்க்கரையும் இருப்பதால் கோமதிக்கு ஒரு வார்த்தை: சர்க்கரை தாழும்போது வரும் படபடப்பையும் கை நடுக்கத்தையும் இந்த மாத்திரை மறைத்துவிடும், வியர்வையை மறைக்காது. காரணமில்லாமல் வியர்த்தால் உடனே சர்க்கரையைச் சோதித்துப் பார்க்கட்டும்.

உன் பக்கத்து நியாயத்தையும் சொல்லிவிடுகிறேன். மாரடைப்புக்குப் பின்னும் இதயத்தின் இறைக்கும் திறன் குறையாதவர்கள் சுமார் 5,000 பேரிடம் நடத்தி 2024இல் வெளியான ஓர் ஆய்வில், இந்த மருந்தால் இறப்போ மறு மாரடைப்போ குறையவில்லை. ஆகவே உனக்கு இது ஆயுள் முழுவதும் தேவைதானா என்று கேட்க உனக்கு முழு உரிமை உண்டு. உன் எக்கோ (இதய ஸ்கேன்) அறிக்கையை எடுத்துக்கொண்டு போய், அதில் இறைக்கும் திறன் எவ்வளவு என்று மருத்துவரிடம் கேள். தேவையில்லை என்று அவர் சொன்னால் உன்னைவிட நான் அதிகம் மகிழ்வேன்.

ஆனால் எத்தனை நாள் விட்டாய் என்பதை அவரிடம் மறைக்காதே. விட்ட இடத்திலிருந்து பழைய அளவிலேயே நீயாகத் தொடங்கவும் செய்யாதே. நாளை காலை ஒன்பது மணிக்கு நீ கிளம்பிவிட்டாயா என்று கோமதியிடம் கேட்பேன். மாணிக்கத்திடம் வாங்கிய அட்டையில் எத்தனை மாத்திரை குறைகிறது என்று எண்ணி, அந்த எண்ணை மட்டும் இன்றிரவே எனக்கு அனுப்பு. அது வரும் வரை விழித்திருப்பேன்.

அன்புடன்,
நடராசன்