பீரங்கி வண்டியில் நாலு கல்லை ஏற்றுங்கள்

சரித்திரப் போர்ப்படம் எடுக்கும் இயக்குநர்களுக்கு,

வணக்கம். அறச்சலூர்ப் பக்கம் விவசாயம் பார்க்கிறவன் எழுதுகிறேன்.

சில வருடங்களுக்கு முன்னால் ஒரு படக்குழு எங்கள் ஊருக்கு வந்து, பீரங்கி இழுக்கக் காங்கேயம் காளை கேட்டது. பெரியப்பாவின் ஜோடியை ஓட்டிப் போனோம். பீரங்கி ஃபைபரில் செய்து கறுப்புப் பெயின்ட் அடித்தது; ஒற்றை ஆள் தூக்கிவிடலாம். காளைகள் சந்தைக்குப் போகிற மாதிரி துள்ளி ஓடின. "பாரம் இழுக்கற மாதிரி நடக்கணும்" என்று உதவி இயக்குநர் மைக்கில் கத்தினார். "காளைக்கு நடிக்கத் தெரியாதுங்க தம்பி. நாலு கல்லைத் தூக்கி வண்டியில வைங்க" என்றார் பெரியப்பா. நேரமில்லை என்று அப்படியே எடுத்தார்கள். வாடகைப் பாக்கி இன்னும் வரவில்லை, அது தனிக் கதை.

கிழக்கிந்தியக் கம்பெனிப் படையோ மைசூர்ப் படையோ, பீரங்கியை இழுத்தது பெரும்பாலும் மாடுதான். ஹைதரும் திப்புவும் அம்ரித் மகால் மாடுகளை அதற்கென்றே பேணினார்கள். மாடு தண்ணீர் குடித்து, தீவனம் தின்று, அசை போட்டு எழுந்தால்தான் படை நகரும். உங்கள் படத்தில் ஓலை வந்த அடுத்த காட்சியிலேயே பீரங்கி கோட்டை வாசலில் நிற்கிறது.

சரி, அதனால் என்ன என்பீர்கள். எங்கள் ஓடாநிலைக் கதையே அதில்தான் இருக்கிறது. 1799-இல் திப்பு விழுந்தபின் தீரன் சின்னமலை ஓடாநிலையில் கோட்டை கட்டிக் கம்பெனியை எதிர்த்தார். கம்பெனி பீரங்கிகளோடு வந்தபோது கோட்டை காலி. கம்பெனிப் படைக்குள் இருந்த சின்னமலையின் ஆள் வேலப்பன் செருப்புக்குள் சேதி வைத்து முன்கூட்டியே அனுப்பிவிட்டார் என்று இங்கே சொல்வார்கள். ஆளில்லாத கோட்டையைத்தான் இடித்தார்கள். செருப்பு முந்தவும் பீரங்கி பிந்தவும் மாட்டு நடைதான் காரணமாக இருக்கும் என்பது என் கணக்கு. அப்புறம் 1805-இல் அவரைச் சங்ககிரியில் தூக்கிலிட்டார்கள். இதை நீங்கள் எடுத்தால் அந்தக் காலிக் கோட்டைக்குள் ஆயிரம் பேரை இறக்கி வாளோடு மோதவிடுவீர்கள் என்றுதான் எனக்குப் பயம்.

பி.ஆர்.பந்துலு 1959-இல் கட்டபொம்மனும் 1964-இல் கர்ணனும் எடுத்தார். வாளும் தேரும் அவருக்கும் தெரியும். நடுவில் 1961-இல் 'கப்பலோட்டிய தமிழன்'. அதில் மாடு இழுக்க வேண்டிய செக்கை வ.உ.சி. இழுப்பார். நிஜத்தில் அவர் இழுத்தது எங்கள் கோயமுத்தூர் ஜெயிலில். அந்தச் செக்கு இன்னும் அங்கே இருக்கிறது. படம் அப்போது சரியாக ஓடவில்லை. ஆனால் கட்டபொம்மன் என்றால் வசனம் மட்டும் சொல்கிற என் அம்மா, சிவாஜி முதுகு வளைந்து செக்கைச் சுற்றுவதை நடந்தே காட்டுவார்.

அடுத்த தடவை இந்தப் பக்கம் வந்தால் ஜோடி தயார். கல்லும் எங்கள் தோட்டத்திலேயே கிடக்கிறது, அதற்குக் காசு வேண்டாம். காளை வாடகையை மட்டும் முன்னாலேயே கொடுத்துவிடுங்கள்.