அம்மாவின் குரல்

தர்மபுரம், கிளிநொச்சி.

அன்பின் சுகந்தி,

உன் கடிதம் வந்து மூன்று கிழமை. கச்சான் பிடுங்கும் வேலையில் பதில் பிந்திவிட்டது, குறை நினைக்காதே. சின்னவன் பல்கலைக்கழகம் போகிறான் என்று வாசித்ததும் அம்மாவிடம்தான் முதலில் ஓடிப்போய்ச் சொன்னேன்.

நான் எடுக்கும் ஆவணப்படம் எந்தளவில் என்று கேட்டிருந்தாய். என்னைப் பற்றித்தான் எடுக்கத் தொடங்கினேன். ஆனால் என் சிறுவயதுப் புகைப்படம் ஒன்றுகூட மிஞ்சவில்லை. 2009 கடைசிப் போரில் மாத்தளன் பங்கருக்குள் அல்பத்தை விட்டுவிட்டு, பத்திரங்கள் இருந்த சொப்பிங் பையை மட்டும் அம்மா தூக்கிக்கொண்டு வந்தா. கம்போடிய இயக்குநர் ரித்தி பான் புகைப்படமே இல்லாத தன் இளமைக்காலத்தைக் களிமண் பொம்மைகள் செய்து 2013இல் படமாக்கினார். அது தந்த துணிவில் நான் அந்தப் பையைப் பாயில் கொட்டினேன்.

என் பிறப்பு அத்தாட்சிப் பத்திரத்தில் அப்பாவின் இனம் 'இந்தியத் தமிழர்'. மகளுடையதில் என் இனம் 'இலங்கைத் தமிழர்'. இரண்டையும் பக்கத்தில் வைத்து, போனை அசைக்காமல் ஒரு நிமிடம் பிடித்தேன். முதல் காட்சி அதுதான்.

உனக்கு ஒருநாளும் சொல்லாததை இப்போது எழுதுகிறேன். 1977 கலவரத்தோடு மலையகத்தில் ஹற்றன் பக்கத் தேயிலைத் தோட்டமொன்றிலிருந்து அம்மா வன்னிக்கு வந்தபோது வயது 15. 1948 சட்டம் பிரசாவுரிமையைப் பறித்த தோட்டத்துச் சனம் நாங்கள். நீ எத்தனை தரம் கூப்பிட்டும் உங்கள் வீட்டுக்குச் சாப்பிட வராமல் நின்றேனே, உன் அம்மம்மா "ஆற்ற பிள்ளை, எந்த இடம்" என்று கேட்டுவிடுவா என்ற பயம்தான் சுகந்தி.

எடிட் செய்யும்போது இயர்போனில் ஒன்று கேட்டது. கச்சான், மழை, குளம் பற்றிப் பேசும்போது அம்மா நம்மைப்போல "எண்டு", "பிள்ளை" என்கிறா. தோட்டத்து லயன் வீட்டுக் கதை வந்ததும் "புள்ள", "இருந்துச்சு" என்று மாறுகிறா. அவவுக்கே தெரியாது. முருங்கையிலை ஆயும்போதும் பார்த்தேன்: இரண்டு கையாலும் மாறிமாறிக் கிள்ளுவா, கை நிறைந்ததும் தோள் ஒருதரம் பின்னால் போகும், முதுகுக் கூடைக்குள் தேயிலைக் கொழுந்தை எறிவதுபோல. பிறகுதான் சுளகில் போடுவா. நாற்பது வருசத்துக்கு மேல் பக்கத்திலேயே இருந்தும் நான் கவனிக்காத தோள்.

"இதை வெளியில போட்டிராத, பேத்திக்குக் கலியாணம் பேசவேணும்" என்றா. கோபம் வந்தது. இரவு முழுக்க நித்திரை இல்லை. என் கதை என்று நான் தொடங்கியது பாதிக்கு மேல் அவவின் கதை. அவ மறைத்து வைத்ததை நான் எப்படி விரித்துக் காட்டுவது? அவ பார்த்துச் சம்மதிக்காமல் ஒரு துண்டும் வெளியில் போகாது என்று வாக்குக் கொடுத்தேன்.

போன கிழமை பார்த்தா. இரண்டு தரம். "இது எங்கம்மா பேசற மாதிரியே இருக்கு" என்றவ பிறகு ஒன்றும் சொல்லவில்லை. அழிக்கச் சொல்லவுமில்லை.

தை பிறந்ததும் ஹற்றனுக்குக் கூட்டிப்போகிறேன். நேற்று முற்றம் கூட்டிக்கொண்டே கேட்டா: "அங்க இப்பவும் அப்படிக் குளிருமா, புள்ள?"

அன்புடன்,
வசந்தி