சனிக்கிழமை அலையாத்திக் காட்டு வாய்க்கால் வேலை

ஊரார் அனைவருக்கும் வணக்கம்.

வரும் சனிக்கிழமை காலை 6.30 மணிக்கு அலையாத்திக் காட்டு வாய்க்கால்களைத் தூர் வாருகிறோம். அன்று விசைப்படகுகள் கடலுக்குப் போகும் முறை நாள், நாட்டுப்படகுக்காரர்கள் நாம் கரையில்தான் இருப்போம். வனத்துறையில் அனுமதி வாங்கியாச்சு, வனவரும் வருகிறார்.

நேற்று உள்ளே போய்ப் பார்த்தேன். மீன்முள் மாதிரி வெட்டின கிளை வாய்க்கால்கள் பாதிக்கு மேல் சேறு மூடிக் கிடக்கு. கடல் தண்ணி ஏறி இறங்காததால் கன்றுகளின் அடியில் உப்பு பூத்து, மண் வெடித்திருக்கு. சில கன்றுகளில் குருத்தே இல்லை, ஆடு கடித்த தடம். மனசு கேட்கவில்லை. இறாலும் நண்டும் குஞ்சு வளர்வது இந்த வேர்களுக்குள்தானே!

1. வீட்டுக்கு ஒருவர் கட்டாயம். மண்வெட்டி, கூடை, தண்ணீர் பாட்டில் கொண்டு வரவும்.
2. சேற்றுக்கு மேல் நீட்டி நிற்கும் மூச்சு வேர்களை மிதிக்க வேண்டாம். வாய்க்கால் வழியாகவே நடக்கவும்.
3. சீமைக்கருவேலத்தை யாரும் தானாக வெட்ட வேண்டாம். வனவர் காட்டுவதை மட்டும்.
4. இன்று முதல் ஆடுகளை அந்தப் பக்கம் விட வேண்டாம். விறகுக்குக் கிளை ஒடிப்பதும் கூடாது.
5. காட்டோரம் கொட்டகை போட நினைப்பவர்கள் முதலில் இதைத் தெரிந்துகொள்ளவும். கடலோரத்தில் கட்டடம் கட்டுவதைக் கட்டுப்படுத்தும் கடலோர ஒழுங்குமுறை மண்டல விதிப்படி அலையாத்திக் காடு முதல் வகை, அதாவது மிகக் கடுமையான பாதுகாப்பில் இருக்கிறது. 1000 சதுர மீட்டருக்கு மேற்பட்ட காடு அரசு நிலத்தில் இருந்தால் அதை ஒட்டிய 50 மீட்டரும் அந்தப் பாதுகாப்பில் சேரும்.

வேலை முடிந்ததும் அங்கேயே கிராம வனக்குழுக் கூட்டம். இராமநாதபுரம் மாவட்டம் காரங்காட்டில் அலையாத்திக் காட்டுக்குள் வனத்துறையோடு சேர்ந்து ஊர்மக்களே படகுச் சுற்றுலா நடத்துகிறார்கள். நாமும் கேட்டுப் பார்க்கலாமா என்று பேசணும். பெண்கள் குழுவினர் அவசியம் வரணும்.

வருபவர்கள் வியாழன் இரவுக்குள் பெயரை இங்கே பதிவிடவும். கஞ்சிக்குக் கணக்குப் பார்க்கணும்.