நார்வேயிலிருந்து தம்பிக்கு: ஹைட்ரஜன் வேலையும் ஒண்ணேகால் சுற்றும்

போர்ஸ்குருன், நார்வே
டிசம்பர்

அன்புத் தம்பிக்கு,

நலம். அம்மா, அப்பா, நீ எல்லோரும் நலமா? இங்கே இப்போது காலை 9 மணிக்குத்தான் விடிகிறது, மூன்றரைக்கெல்லாம் பொழுது சாய்ந்துவிடும். குளிர் பழகிவிட்டது என்று அம்மாவிடம் சொல்.

ஹைட்ரஜன் துறைக்கு வரலாமா, என்ன கற்றுக்கொள்ளணும் என்று கேட்டிருந்தாய். ஸ்பிக் உர ஆலை இருக்கிற ஊரில் வளர்ந்த உனக்கு அம்மோனியா புதிதில்லை. அதற்கான ஹைட்ரஜனை வழக்கமாக இயற்கை எரிவாயுவிலிருந்து எடுப்பார்கள். இங்கே ஹெரோயாவில் யாரா நிறுவனத்தின் உர ஆலையில் மின்சாரத்தால் தண்ணீரைப் பிரித்து ஹைட்ரஜன் எடுக்கும் 24 மெகாவாட் எலக்ட்ரோலைசரை 2024 ஜூனில் திறந்தார்கள். ஒரு நாளைக்கு ஏறக்குறைய 10 டன் தரும். இந்தப் பக்கத்துக்கு இது புது வித்தையும் இல்லை. இதே டெலிமார்க் வட்டாரத்தில் ரியூக்கான் என்ற ஊரில் 1929-லேயே அருவி மின்சாரத்தால் ஹைட்ரஜன் எடுத்தார்கள். ஆழமான பள்ளத்தாக்கு என்பதால் அங்கே குளிர்காலம் முழுக்க வெயில் விழாது. 2013-ல் மலைமேல் 3 பெரிய கண்ணாடிகளை வைத்து ஊர் நடுவே வெயிலைத் திருப்பிவிட்டிருக்கிறார்கள். அம்மாவிடம் சொன்னால் நம்பவே மாட்டார்கள்.

முதலில் ஒரு கணக்கை மனதில் வை. 1 கிலோ ஹைட்ரஜனுக்கு 9 லிட்டர் சுத்தத் தண்ணீரும் 50 முதல் 55 யூனிட் மின்சாரமும் வேண்டும். அந்த ஒரு கிலோவில் அடங்கியிருப்பது 33 யூனிட்தான். மின்சாரம் மலிவாகக் கிடைக்காத இடத்தில் இந்தத் தொழில் காலூன்றாது.

அடுத்தது தண்ணீர். பெம் என்பது, ஹைட்ரஜனையும் ஆக்சிஜனையும் மெம்பிரேன் என்ற மெல்லிய சவ்வு பிரித்துவைக்கும் எலக்ட்ரோலைசர் வகை. அதன் செல் அடுக்கான ஸ்டாக்குக்குள் போகும் தண்ணீரின் கண்டக்டிவிட்டி (மின்கடத்துத் திறன்) சென்டிமீட்டருக்கு 1 மைக்ரோசீமன்ஸுக்குள் இருக்கணும், 0.1-க்குக் கீழே இருந்தால் நல்லது. கால்சியம், சோடியம் கொஞ்சம் நுழைந்தாலும் மெம்பிரேனில் புரோட்டான் உட்காரும் இடத்தைப் பிடித்துக்கொள்ளும், வோல்டேஜ் ஏறும். இரும்பு இன்னும் மோசம், மெம்பிரேனையே அரித்து மெலிதாக்கிவிடும். சுற்றிவரும் தண்ணீரில் ஃபுளோரைடு கூடுகிறது என்றால் மெம்பிரேன் கரைகிறது என்று புரிந்துகொள்.

லோடு குறைவாக ஓடும்போதுதான் அதிகக் கவனம் வேண்டும். மெம்பிரேன் வழியாக ஆக்சிஜன் பக்கம் கசியும் ஹைட்ரஜன் பெரிதாகக் குறையாது, ஆனால் ஆக்சிஜன் உற்பத்தி குறைந்துவிடும். அதனால் கலவையில் ஹைட்ரஜன் சதவீதம் ஏறும். 4 சதவீதத்தில் தீப்பற்றும். அதனால் 2 சதவீதத்திலேயே பெரும்பாலும் டிரிப், அதாவது தானாக நிறுத்தும் ஏற்பாடு, வைத்துவிடுவார்கள். அந்த டிரிப்பை பைபாஸ் செய்யச் சொல்பவன் யாராக இருந்தாலும் கேட்காதே.

நிபுணர் என்றால் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்திருப்பவர் என்று எண்ணிவிடாதே. இந்தத் துறையில் மதிப்பு பெறுபவர்கள் கசியாத இணைப்பைப் போடத் தெரிந்தவர்கள். ஃபெரூல் என்ற இரண்டு சின்ன வளையங்கள் ட்யூபைக் கவ்விப்பிடிக்கும் ரெட்டை ஃபெரூல் ஃபிட்டிங்கை எடுத்துக்கொள். ட்யூபை நேராக வெட்டி, உள்ளும் புறமும் பிசிறு நீக்கு. பாடிக்குள் அடிவரை தள்ளு. நட்டை விரலால் முடிந்தமட்டும் முறுக்கு. நட்டில் கடிகாரத்தின் 6 மணி இடத்தில் ஒரு கோடு போடு. பாடியை ஒரு ஸ்பானரால் பிடித்துக்கொண்டு நட்டை ஒண்ணேகால் சுற்று சுற்று, கோடு 9 மணிக்கு வந்து நிற்கும். ட்யூப் அடிவரை போகாதிருந்தாலோ, நீளவாக்கில் கீறல் இருந்தாலோ, ஒரு பிராண்டு ஃபெரூலை இன்னொரு பிராண்டு பாடியில் போட்டாலோ நைட்ரஜன் டெஸ்டில் பிடிபடாதது ஹைட்ரஜனில் கசியும். மிகச் சிறிய மூலக்கூறு அது. மணம் இல்லை, பகல் வெளிச்சத்தில் அதன் சுடரும் கண்ணுக்குத் தெரியாது.

ஓஸ்லோவுக்குப் பக்கத்தில் சான்ட்விகாவில் 2019 ஜூன் 10 அன்று ஒரு ஹைட்ரஜன் நிரப்பு நிலையம் வெடித்ததற்குக் காரணமும் இப்படி ஒன்றுதான். உயரழுத்தத் தொட்டியின் அடைப்பில் உள்பக்க போல்ட்டுகள் போதிய அளவு முறுக்கப்படவில்லை. சீல் விட்டுக்கொடுத்தது, வாயு கசிந்து தீப்பற்றியது. வெடிப்பின் அழுத்தத்தில் அருகே போன கார்களில் ஏர்பேக் விரிந்து 2 பேருக்கு அடி. டார்க் ரெஞ்ச் (முறுக்கும் விசையை அளக்கும் ஸ்பானர்) அளவை எழுதி, இரண்டாவது ஆள் சரிபார்த்துக் கையெழுத்துப் போடுவது ஏன் என்று இதை வைத்துப் புரிந்துகொள்.

பராமரிப்புக்கு முன் லைனை நைட்ரஜனால் கழுவி வெளியேற்றுவார்கள். அந்த நைட்ரஜனும் ஆள் கொல்லிதான். காற்றில் ஆக்சிஜன் 19.5 சதவீதத்துக்குக் கீழே போனால் சட்டையில் மாட்டிய மீட்டர் கத்தும், கத்தியதும் வெளியே வந்துவிடணும். இங்கே எனக்கு மிகவும் பிடித்த சட்டம் ஒன்று உண்டு. தொழிலாளர்கள் தேர்ந்தெடுக்கும் வேர்னேஓம்பூட், அதாவது பாதுகாப்புப் பிரதிநிதி, உயிருக்கு உடனடி ஆபத்து என்று கண்டால் வேலையையே நிறுத்திவைக்கலாம். மேலாளர் அனுமதி தேவையில்லை.

படிப்பு என்று கேட்டால், இங்கே ஆபரேட்டராக வருகிறவர்கள் பொதுவாக 2 வருடம் பள்ளியிலும் 2 வருடம் ஆலைப் பயிற்சியிலும் இருந்து, தேர்வில் தேறி ஃபாக்பிரேவ் என்ற தொழில் சான்றிதழ் வாங்குகிறார்கள். உன் டிப்ளமோவை முடி, கூடவே நார்வேஜிய மொழியைத் தொடங்கு.

அதற்குமுன் ஒரு வேலை செய். கால் அங்குல ஸ்டெயின்லெஸ் ஸ்டீல் ட்யூப் ஒரு அடியும், ஒரே பிராண்டில் நட், ஃபெரூல், பாடியும் வாங்கி, மேலே சொன்னபடி மாட்டிக் கழற்றிப் பார். ஃபெரூலைத் தாண்டி ட்யூப் நுனி எவ்வளவு நீண்டிருக்கிறது என்று போட்டோ எடுத்து அனுப்பு. அடிவரை போயிருக்கிறதா என்று அதிலேயே சொல்லிவிடுகிறேன்.

அன்புடன்,
அண்ணன்